வண்டின் மறதி

இன்றைக்கும் டிபன் டப்பா வந்துவிட்டது, மூடி வரவில்லை. "ஐயோ, அப்பா வீட்லயே வச்சிட்டேம்மா!" என்று கையை விரித்துவிட்டு, திட்டு விழுமுன் அம்மாவின் தையல் கடை வாசலுக்கு ஓடிவிட்டாள் வண்டு. வயது ஒன்பது. அந்தப் பிள்ளையின் காலில் எதை வைத்துப் படைத்தானோ, ஆண்டவனுக்குத்தான் வெளிச்சம். நின்றுகொண்டே சாப்பாடு, நடந்துகொண்டே பாடம். தலை பின்ன உட்காரவைத்தால் பாதிப் பின்னலோடு எழுந்துவிடுவாள்.

தம்பி இருந்தவரை இப்படி இல்லை. அவனை மடியில் போட்டுக்கொண்டு மணிக்கணக்காக அசையாமல் இருப்பாள். போன வருடம் ஒரு காய்ச்சல் அவனைக் கொண்டுபோய்விட்டது. "அன்னைக்கே ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போயிருந்தா..." என்று அப்பாவும் அம்மாவும் மாற்றி மாற்றிச் சொல்லி, கடைசியில் பேச்சே அற்று ஆளுக்கொரு வீடாகிப் போனார்கள். வாரக் கடைசியில் மட்டும் வண்டு அப்பா வீட்டில்.

அங்கிருந்து திரும்பும்போதெல்லாம் ஏதாவது ஒன்றை மறந்துவிடுவாள். பள்ளிக்கூடத்தில் ஒரு ரப்பரைக்கூடத் தொலைக்காத பிள்ளை! அப்பாவும் பின்னாலேயே கொண்டுவந்து, கதவில் மாட்டிவிட்டுப் போய்விடுவார். ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை இருவரும் பேசிக்கொண்டால் போதும் அவளுக்கு.

வண்டிச் சத்தம். கரண்ட் வேலைக்குப் போகிற வழியில் அப்பா மூடியோடு வந்து நின்றார்.

"வச்சிட்டுப் போகச் சொல்லு." திரைக்குப் பின்னால் அம்மா மெஷினிலிருந்து தலை தூக்கவில்லை.

வண்டு வாசலுக்குப் பறந்தாள். "அப்பா, அம்மா உங்கள உக்காரச் சொல்றாங்க."

"நெசமாவா?"

உள்ளே பறந்தாள். "அம்மா, அப்பாவுக்குத் தண்ணி வேணுமாம்."

மெஷின் நின்றது. "புளுகு மூட்டை," என்று அம்மா முணுமுணுத்தாள். ஆனாலும் டம்ளரோடு வெளியே வந்தாள்.

அப்பா பெஞ்சில் உட்கார்ந்து, சட்டைப்பையில் உறுத்திய டெஸ்டரை எடுத்துப் பக்கத்தில் வைத்துவிட்டுக் குடித்தார். "ரொம்ப இளைச்சிட்ட," என்றார், டம்ளரைப் பார்த்து.

"உங்களுக்கு மட்டும் என்ன வாழுதாம்?" என்றாள் அம்மா, சுவரைப் பார்த்து.

அவ்வளவுதான். யாரிடம் என்றில்லாமல் "வரேன்" சொல்லிவிட்டு அவர் எழுந்து போனார். டெஸ்டர் பெஞ்சிலேயே கிடந்தது. அது இல்லாமல் அவருக்கு வேலை ஓடாது.

"அப்பா எதையாச்சும் விட்டுட்டுப் போறாரா பாருடி," என்றாள் அம்மா உள்ளே போனபடி.

"ஒண்ணுமில்லம்மா."

வெட்டுத் துணி ஒன்றை இழுத்து டெஸ்டர்மேல் போட்டு, அதன்மேல் ஏறி உட்கார்ந்தாள் வண்டு. வண்டிச் சத்தம் தெருமுனையில் தேய்ந்து மறையும்வரை காலைக்கூட ஆட்டவில்லை.