போகல் கிளெட்டோ போட்ட கையெழுத்து

எங்கள் பக்கத்தில் மாகாண மன்ற உறுப்பினரைப் போகல் என்று அழைப்பார்கள். அனக்லெட்டோ ப்வெனாஃபே போகலாகி இரண்டு வருடமாகியிருந்தது. அந்த இரண்டு வருடத்தில் அவர் மன்றத்தில் பேசியது ஒரே ஒரு வாக்கியம்தான்: "நான் ஆமோதிக்கிறேன்." ஆனால் அதை அவர்போலச் சொல்ல ஆள் கிடையாது. அடித்தொண்டையில் தொடங்கி, கடைசியில் லேசாக இழுத்து, நெஞ்சை உருக்குகிற மாதிரிச் சொல்வார். சாக்கடைக்கு மூடி வாங்கும் தீர்மானம்கூட அவர் ஆமோதித்தால் காதல் விவகாரம்போல ஒலிக்கும். நடவடிக்கைக் குறிப்பு எழுதும் பெண் அந்த இடத்தில் பேனாவை நிறுத்திவிடுவாள்.

ஊரில் அவரைக் கிளெட்டோ என்பார்கள். லவிகன் ஆற்றங்கரையில் பிறந்தவர். அப்பா சவாரிக்கு டிரைசைக்கிள் ஓட்டினார். கிளெட்டோ பதினாறு வயதில் திருவிழாப் பாட்டுப் போட்டியில் ஜெயித்து ஒரு பன்றிக்குட்டியைப் பரிசாக வாங்கினார். பிறகு மணிலாவுக்குப் போய், படகுத்துறையில் காதலனை நிற்கவைத்துவிட்டுக் கப்பலேறிப் போகும் ஒருத்தியைப் பற்றிப் பாடினார். அந்த ஒரு பாட்டை வைத்து இருபது வருடம் சாப்பிட்டார். ஊர் ஊராகப் போய் அவர் அழ, ஊரே சேர்ந்து அழுதது.

அந்தக் காலத்தில் அவருடைய மேனேஜர் ஒரு தொழில் ரகசியம் சொல்லிக்கொடுத்திருந்தார். "கையெழுத்துப் போடும்போது காகிதத்தைப் பாக்காத. ஆளோட கண்ணைப் பாரு. காகிதமா வந்து உன் கேசட்டை வாங்கப்போகுது?" கிளெட்டோ அதை வேதமாக எடுத்துக்கொண்டார். யார் எதை நீட்டினாலும் கண்ணைப் பார்ப்பார், பேரைக் கேட்பார், 'இன்னாருக்கு, என்றும் அன்புடன்' என்று எழுதிக் கையெழுத்திட்டுப் பக்கத்தில் ஒரு இதயம் வரைவார். கை தானாக வரையும். சிகரெட் அட்டையில் வரைந்திருக்கிறார், கை உடைந்த ஒருவரின் மாவுக்கட்டில் வரைந்திருக்கிறார்.

பாட்டுக்கு மவுசு குறைந்த நேரத்தில் மாகாணத்தை ஆளும் கவர்னர் லகுயோ ஒரு முழுப் பன்றி வறுவலோடு வீட்டுக்கு வந்தார். "நீ பேசவே வேண்டாம் கிளெட்டோ. மேடைல ஏறிப் பாடு, இறங்கு. மத்ததை நாங்க பாத்துக்கறோம்." கிளெட்டோ அப்படியே செய்தார். தேர்தலில் மாவட்டத்திலேயே முதலாவதாக வந்தார். கவர்னர் மகிழ்ந்து, அவரைச் சுற்றுச்சூழல் குழுவுக்குத் தலைவராக்கினார். "உன் பாட்டுல ஆறு, மழை, கடல் எல்லாம் வருது. உன்னைவிடப் பொருத்தமான ஆள் யாரு?"

அலுவலகத்தில் அவருக்கு உதவியாளர் ஸோஸிமா. முன்னாள் ரசிகர் மன்றத் தலைவி. வருகிற காகிதங்களை எல்லாம் அவள் படிப்பாள். சரியானதை மட்டும் அவர் முன் வைப்பாள். அவர் கையெழுத்துப் போடுவார். நடுவில் ஒரு தீர்மானத்தில் இதயம் விழுந்துவிட்டதால் புதிதாக அச்சடிக்க வேண்டி வந்தது. அன்றிலிருந்து அவர் எழுதும்போது அவள் பக்கத்திலேயே நின்று, "அண்ணே, இதயம் வேண்டாம்" என்று நினைவூட்டுவாள். இப்படியாக முப்பத்தொரு தீர்மானங்கள் அவர் பேரில் நிறைவேறின. 'சொன்னார், செய்தார், முப்பத்தொன்று' என்று அவர் சிரிக்கும் படத்தோடு சாலை முழுக்க பிளெக்ஸ் தொங்கியது.

பக்கத்து ஊரில் சான் ரோக்கே திருவிழா. ஸோஸிமாவுக்குப் பல்வலி, வரவில்லை. கிளெட்டோ பாடி முடித்து மேடையை விட்டு இறங்கியதும் வரிசை நின்றது. நடுவில் பொறியாளர் வில்செஸ், மடித்துப் பிடித்த காகிதக் கட்டுகளோடு நின்றார்.

"என் வீட்டுக்காரி உங்க பரம ரசிகை, போகல்."

"பேரு?"

"லொரேட்டா."

கிளெட்டோ வில்செஸின் கண்ணைப் பார்த்தபடி எழுதினார். அடுத்தது நீண்டது. அதற்கடுத்ததும் நீண்டது.

"மூணு எதுக்குங்க?"

"தங்கச்சிங்க ரெண்டு பேரு. டெலியா, நிம்ஃபா. ஒருத்திக்கு வாங்கி இன்னொருத்திக்கு வாங்கலன்னா நான் வீட்டுக்குள்ள போக முடியாது."

ஒரு குடும்பத்தில் தன்னால் சண்டை வருவதைக் கிளெட்டோ விரும்பவில்லை. மூன்றிலும் போட்டார். மூன்றிலும் இதயம்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை லவிகனில் ஒரு குழந்தைக்கு ஞானஸ்நானம். ஞானத்தகப்பன் வேறு யார், கிளெட்டோதான். அந்த மாகாணத்தில் அவருக்கு அது அறுபத்து நாலாவது ஞானப்பிள்ளை. கோயில் முடிந்து, பந்தலில் நூடுல்ஸ் தட்டோடு உட்கார்ந்தபோது எதிரே வந்து நின்றாள் ருஃபினா. ஆற்றில் இறங்கிச் சிப்பி பொறுக்கி விற்பவள். மூன்றாம் வகுப்பு வரை அவரோடு ஒரே பெஞ்சு.

"நல்லா சாப்பிடுடா. அடுத்த வருசம் இந்த ஆத்துல சிப்பி இருக்காது, நூடுல்ஸ்தான் இருக்கும்."

"என்ன ருஃபினா, வந்ததும் வராததுமா?"

"மண்ணு அள்ள மிஷின் வரப்போகுது. அஞ்சு கிலோமீட்டர் ஆத்தையும் தோண்டறானாம். நீதான சரின்னு கையெழுத்துப் போட்டிருக்க."

"நானா? சத்தியமா இல்ல. அந்த மணல் உரிமம் பத்தின அறிக்கை இன்னும் என்கிட்டயே வரல."

அவள் ஈரக் கையைப் பாவாடையில் துடைத்துவிட்டுப் போனை எடுத்தாள். அதில் ஒரு படம்: கிராம அலுவலகப் பலகையில் ஒட்டியிருந்த குழு அறிக்கை நகலின் கடைசிப் பக்கம். 'மணல் அள்ளும் உரிமம் வழங்கப் பரிந்துரைக்கிறேன், குழுத் தலைவர்' என்ற வரிக்குக் கீழே, 'நிம்ஃபாவுக்கு, என்றும் அன்புடன்.' பக்கத்தில் இதயம்.

"இந்த மாகாணத்துல இதயம் போடற குழுத் தலைவர் வேற யாருடா இருக்கான்?" என்றாள் ருஃபினா. "அது யாரு நிம்ஃபா?"

பந்தலில் இருந்த பெண்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். கிளெட்டோ தட்டைக் கீழே வைத்தார்.

திங்கட்கிழமை ஸோஸிமா சட்ட அலுவலரிடம் போய்விட்டு வந்தாள். முகம் சரியில்லை.

"கையெழுத்து கையெழுத்துதானாம் அண்ணே. அடுத்த திங்கள் கடைசி ஓட்டெடுப்பு. அதுக்குள்ள நீங்களே மன்றத்துல எழுந்து, படிக்காம போட்டேன்னு சொன்னாத்தான் அறிக்கை திரும்பக் குழுவுக்கு வரும்."

"சொல்லிட்டாப் போச்சு."

"இதைப் படிக்கலன்னு சொன்னா, மத்ததைப் படிச்சீங்களான்னு கேப்பாங்க. மே மாசம் தேர்தல். முப்பத்தொன்னுன்னு தொங்கற பிளெக்ஸெல்லாம் என்னாகும்னு யோசிச்சுப் பாருங்க."

அவர் யோசித்துப் பார்த்தார். யோசிக்கிற வேலையை இரண்டு வருடமாக வேறொருவர் பார்த்துவந்ததால் கொஞ்சம் நேரம் பிடித்தது.

புதன்கிழமை கவர்னர் கூப்பிட்டனுப்பினார். மேசையில் மாம்பழம் நறுக்கி வைத்திருந்தார்.

"கிளெட்டோ, உன்னை வைஸ் கவர்னருக்கு நிறுத்தலாம்னு இருக்கேன். உன் படத்தைப் பெரிசா போடச் சொல்லிட்டேன்."

"கவர்னர், அந்த லவிகன் மணல் விசயம்..."

"திங்கக்கிழமை நீ எப்பவும் போல ஆமோதி. அது போதும். பாட்டுக்காரன் பாடினா ஜனங்க காசு வீசுவாங்க, பேசினா வேற ஏதாவது வீசுவாங்க. மாம்பழம் எடுத்துக்க."

கிளெட்டோ மாம்பழம் எடுத்துக்கொண்டார். நல்ல மாம்பழம். அதுதான் அவருக்கு அதிக வருத்தமாக இருந்தது.

திங்கட்கிழமை மன்றத்தின் மேல்மாடத்தில், பார்வையாளர் பகுதியில் லவிகன் ஆட்கள் இருபது பேர் இருந்தார்கள். முன்வரிசையில் ருஃபினா, கையைக் கட்டிக்கொண்டு. ஜெபமும் தேசிய கீதமும் முடிந்தன. இரண்டையும் வழக்கம்போலக் கிளெட்டோதான் பாடினார். மணல் உரிமம் வந்தது. யாராவது ஆமோதிக்கிறீர்களா என்று தலைமை வகித்த வைஸ் கவர்னர் தோர்ரால்பா அம்மாள் கேட்டார். எல்லோரும் கிளெட்டோவைப் பார்த்தார்கள். குறிப்பெடுக்கும் பெண் பேனாவைக் கீழே வைத்தாள்.

கிளெட்டோ எழுந்தார். "அம்மா, நான் கொஞ்சம் பேசணும்."

"எந்தப் பாட்டு?" என்றார் போகல் எஸ்கார்டா. மன்றம் சிரித்தது.

"பாட்டு இல்ல. அறிக்கைல இருக்கிற கையெழுத்து என்னோடதுதான். ஆனா அறிக்கைன்னு தெரிஞ்சு போட்டதில்ல. ரசிகைக்குன்னு போட்டது."

வைஸ் கவர்னர் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "இதை எப்படி நிரூபிக்கப் போறீங்க?"

"மூணு பிரதி இருக்கு. செயலாளர் மூணையும் படிக்கட்டும்."

செயலாளர் முப்பது வருட அனுபவம் உள்ளவர். எதையும் ஒரே குரலில் படிப்பார். "முதல் பிரதி. லொரேட்டாவுக்கு, என்றும் அன்புடன், இதயம். இரண்டாம் பிரதி. டெலியாவுக்கு, என்றும் அன்புடன், இதயம். மூன்றாம் பிரதி..."

"நிம்ஃபா" என்றாள் ருஃபினா மேலேயிருந்து.

சிரிப்பு அடங்க வெகுநேரமானது. எஸ்கார்டா மட்டும் சிரிக்கவில்லை. அவரும் வைஸ் கவர்னர் பதவிக்குக் கண் வைத்திருந்தவர்.

"அப்போ மத்த முப்பத்தொரு தீர்மானம் இருக்கே, மாண்புமிகு போகல். அதெல்லாம் படிச்சீங்களா?"

கிளெட்டோ ஸோஸிமாவைப் பார்த்தார். அவள் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பொய் சொல்ல அவருக்கு அது நல்ல தருணம். தொண்டையும் அன்று நன்றாக இருந்தது.

"ஒண்ணைப் படிச்சேன்" என்றார்.

"எது?"

"பஸ் நிலையத்துக்கு என் பேரு வைக்கிற தீர்மானம். என் பேரைச் சரியா எழுதியிருக்காங்களான்னு பாத்தேன். மீதியெல்லாம் ஸோஸிமா படிச்சது. நல்லாத்தான் படிச்சிருப்பா."

இதுவும் குறிப்பில் ஏறியது. அறிக்கை குழுவுக்குத் திரும்பியது. கவர்னர் அன்று மாலையே பிளெக்ஸ்களை இறக்கச் சொன்னார். மறுவாரம் அவை கவர்னர் வீட்டுக் கோழிக்கூண்டுக்குக் கூரையாகின. கிளெட்டோ கோழிகளுக்கு மேலே சிரித்துக்கொண்டிருந்தார்.

சட்டப்படி ஊர்மக்களிடம் மறுபடி கருத்துக் கேட்க வேண்டும். குழுத் தலைவர்தான் கேட்க வேண்டும். லவிகன் கூடைப்பந்து மைதானத்தில் காலை எட்டு மணிக்கு ஊரே கூடிவிட்டது, கிளெட்டோ பாடுவார் என்று. அவர் மைக்கைப் பிடித்து, நாற்பத்தாறு பக்க அறிக்கையை முதல் வரியிலிருந்து படிக்கத் தொடங்கினார். வாழ்க்கையில் அவர் முழுதாகப் படித்த முதல் அறிக்கை. நடுவில் புரியாத இடங்களில் நின்று, திரும்பப் படித்தார். ஆற்றுப்படுகை ஆழம், லாரி எண்ணிக்கை, கன மீட்டர். பத்து மணிக்குப் பின்வரிசை கலைந்தது.

"ஒரு பாட்டாவது பாடிட்டுப் படிங்க போகல்" என்று ஒரு குரல் வந்தது.

"பக்கம் பத்தொன்பது" என்றார் கிளெட்டோ.

சிப்பி இருக்கும் இடத்தைத் தோண்டப்போவது முப்பத்து மூன்றாம் பக்கத்தில் இருந்தது. அதைப் படித்ததும் தூங்கியவர்களைப் பக்கத்தில் இருந்தவர்கள் எழுப்பினார்கள். பன்னிரண்டரைக்குக் கை தூக்கச் சொன்னார். உரிமத்துக்கு ஆதரவாக இரண்டு கைகள். ஒன்று மணல் கம்பெனிப் பொறியாளர் வில்செஸுடையது, அவர் அந்த ஊரே இல்லை. உரிமம் செத்தது.

மே மாதம் கிளெட்டோ எந்தக் கட்சியும் இல்லாமல் வைஸ் கவர்னர் பதவிக்கு நின்றார். மேடையில் பேசினார், பாடவில்லை. எஸ்கார்டா மணிலாவிலிருந்து ஒரு இசைக்குழுவையே கொண்டுவந்தார். கிளெட்டோ தோற்றார். லவிகனிலும் தோற்றார்.

முடிவு வந்த மறுநாள் ருஃபினா ஒரு வாளிச் சிப்பியோடு வீட்டுக்கு வந்தாள். வாளியை வாசலில் வைத்துவிட்டு உட்காராமலே பேசினாள்.

"நாலரை மணி நேரம் படிச்சியேடா. அதைத்தான் இன்னும் பேசிக்கறாங்க. உக்காந்து முதுகு போச்சுன்னு."

"ஆத்தைப் பத்தி யாரும் பேசலயா?"

"ஆறு எப்பவும் இருக்கறதுதானே, அதைப் பத்தி என்ன பேசுவாங்க. எங்க வீட்டு ஓட்டு உனக்குத்தான் போட்டோம்."

"நாலும் எனக்கா?"

"மூணு" என்றாள் ருஃபினா. "என் வீட்டுக்காரனுக்கு அந்த இசைக்குழு பிடிச்சுப்போச்சு. சிப்பியைத் தண்ணி மாத்தி வையி, மணலைத் துப்பட்டும்."