தீபலட்சுமி மார்க்

குடியாத்தத்தில் யாராவது குடும்ப மானம் பற்றி வாய் திறந்தால் எனக்குச் சிரிப்புதான் வரும். ஜம்புலிங்கத்தின் லுங்கிக் கிடங்கில் பத்து வருஷம் லேபிள் ஒட்டியவன் நான். மானத்தை எப்படி மடித்துக் கட்டி விற்பார்கள் என்று எனக்குத் தெரியும்.

அவருடைய தங்கை அம்சவேணி ஐம்பதுகளில் மெட்ராஸ் போய் சினிமாவில் நடித்தாள். மொத்தம் பதினேழு படம், எல்லாவற்றிலும் கதாநாயகிக்குத் தோழி. விசிறுவாள், பூக்கூடை தூக்குவாள், "மகாராணி, மன்னர் வருகிறார்" என்று சொல்லிவிட்டு ஓரமாகப் போய்விடுவாள். பெரிய நடிகை என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் அந்த ஓரத்துக்கே அண்ணன்காரர் ஊரறிய ஆற்றில் இறங்கி, "எனக்குத் தங்கச்சியே கெடையாது" என்று தலைமுழுகினார். கொட்டகைப் பக்கம் தலைவைத்தும் படுக்காதவர் என்று அவருக்குப் பெரிய கர்வம்.

வாய்ப்பு நின்றதும் அம்சவேணி ஆம்பூரில் ஷூ கம்பெனித் தையல் மிஷினில் உட்கார்ந்தாள். பஸ்ஸில் ஒரு மணி நேரம்தான். ஆனாலும் அம்மா கங்கம்மாளைப் பார்க்க அவளுக்கு அனுமதி இல்லை.

1974இல் ஜம்புலிங்கம் லுங்கிக்குப் புது மார்க் போட நினைத்தார். அச்சாபீஸ்காரர் படங்கள் ஒட்டிய ஆல்பம் ஒன்றைக் கொண்டுவந்தார். அந்த வீட்டில் எந்தப் புதுக் காரியத்தையும் கங்கம்மாள்தான் தொட்டுக்கொடுக்க வேண்டும், ராசிக் கை. கிழவி பொறுமையாகப் புரட்டி, விளக்கேந்தி நிற்கும் ஒரு பெண்ணின் மேல் விரலை வைத்தாள்.

"மகாலட்சுமி மாதிரியே கீறா!" என்று ஜம்புலிங்கம் பூரித்துப்போனார். தீபலட்சுமி மார்க் என்று பெயர் வைத்து, வெள்ளிக்கிழமைதோறும் முதல் கட்டுக்குக் குங்குமம் இட்டுக் கற்பூரம் காட்டினார்.

அந்தப் பெண் அம்சவேணிதான். அரிதாரமும் நகையுமாக இருந்த முகம், கொட்டகைப் பக்கமே போகாத அண்ணனுக்குப் பிடிபடவில்லை. ஏதோ ஒரு ராணிக்கு விளக்குப் பிடித்த காட்சி. அச்சாபீஸ்காரர் ராணியை வெட்டி எறிந்துவிட்டார். சினிமா பார்க்கிற ஊர் முழுக்க அடையாளம் கண்டுகொண்டது. ஜம்புலிங்கத்திடம் சொல்லத்தான் ஒருவனுக்கும் முதுகெலும்பு இல்லை. பின்னால் நின்று சிரித்தோம், நானும்தான்.

1978இல் கங்கம்மாள் படுத்த படுக்கையானாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் நான் அவர் வீட்டுக் கூடத்தில் கட்டு அடுக்கிக்கொண்டிருந்தபோது அம்சவேணி வாசலில் வந்து நின்றாள். தலை நரைத்திருந்தது. ஜம்புலிங்கம் வழியை மறித்தார்.

"இன்னாத்துக்கு வந்த? உன் மூஞ்சி இந்த ஊட்டுக்குள்ள வரக்கூடாதுன்னு சொல்லிக்கிறேன் இல்ல?"

"அம்மாவ ஒரு வாட்டி பாத்துட்டுப் போய்ட்றேன் அண்ணா."

"முடியாது."

கூடத்தில் அடுக்கியிருந்த லுங்கிக் கட்டுகளை அவள் பார்த்தாள். "என் மூஞ்சி உள்ள வந்து நாலு வருசமாவுது அண்ணா. நீதான் கற்பூரம் காட்டிக்கினு கீற."

அவர் ஒரு லுங்கியை உருவி, லேபிளையும் தங்கையையும் மாறி மாறிப் பார்த்தார். முகம் கறுத்துப்போயிற்று. "யாரு செஞ்ச வேலடா இது, பச்சையப்பா?" என்று என்மேல் பாய்ந்தார்.

உள்ளே கட்டிலிலிருந்து கங்கம்மாளின் குரல் வந்தது. "நான்தாண்டா. பெத்தவளுக்கு அடையாளம் தெரியாதா? எம் பொண்ண ஊட்டுக்குள்ள கூட்டியார எனக்கு வேற வழி தெரியல. வேணி... வாம்மா."

"அம்மா" என்றாள் அம்சவேணி. ஒரு சுவர்தான் குறுக்கே இருந்தது.

ஜம்புலிங்கம் யோசித்தார். யோசித்தது தாயைப் பற்றியும் இல்லை, தங்கையைப் பற்றியும் இல்லை. "மார்க் நல்லா ஓடிக்கினு கீது, அது இருக்கட்டும்" என்றார். "இவ போவட்டும்."

கதவைச் சாத்தச் சொன்னார். சாத்தியவன் நான்.

பத்தாம் நாள் கங்கம்மாள் செத்துப்போனாள். ஆம்பூருக்கு யாரும் தகவல் சொல்லவில்லை.

கருமாதி கழிந்த முதல் வெள்ளிக்கிழமை ஜம்புலிங்கம் வழக்கம்போல் லேபிளுக்குக் குங்குமம் வைத்தார், கற்பூரம் காட்டினார். கண்களை மட்டும் இறுக மூடிக்கொண்டிருந்தார்.