என் வீட்டுக்காரரும் லோரித் திருடனும்

சிம்பாங் அம்பாட் பக்கத்து ரப்பர் தோட்டங்களில் என் வீட்டுக்காரருடைய பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் நாலு பேராவது திரும்பிப் பார்ப்பார்கள். அவ்வளவு சாதாரணமான பெயர். அதே பெயரும் அதே அப்பா பெயரும் உள்ள ஒருவன் எங்கோ ஒரு லோரியைத் திருடிக்கொண்டு ஓடிவிட்டான். போலீஸாருக்கு அவன் பெயர்தான் தெரியும். தேடியதில் அகப்பட்டவர் இவர்.

இவர் வீடுகளுக்கு வயரிங் போடுகிறவர். பழைய மோட்டார் சைக்கிளைத் தவிர வேறெதையும் ஓட்டியதில்லை. முதல் தடவை கூட்டிப் போனபோது, "லோரிக்கு ரிவர்ஸ் கியர் எந்தப் பக்கம்னுகூடத் தெரியாதுங்க" என்று அழாத குறையாகச் சொல்லியிருக்கிறார். தப்பான ஆள் என்று விட்டுவிட்டார்கள். ஆனால் நிலையத்துக்குப் புதிதாக மாற்றலாகி வருகிற ஒவ்வொருவரும் அந்தப் பழைய கேஸைத் தூசி தட்டுவார். உடனே எங்கள் வாசலில் ஜீப் வந்து நிற்கும். பிறகு பிறகு, ஜீப் சத்தம் கேட்டதுமே இவர் தானாகச் சட்டையை மாட்டிக்கொள்ள ஆரம்பித்துவிட்டார்.

அதையும் பொறுத்துக்கொண்டேன். மகளுக்குப் பரிசம் போட வந்த அன்றும் வந்தார்களே, அதைத்தான் தாங்க முடியவில்லை. தட்டு மாற்றுகிற நேரம். மாப்பிள்ளை வீட்டார் எதிரிலேயே இவரை ஜீப்பில் ஏற்றினார்கள். மாப்பிள்ளையின் அம்மா என்னைப் பார்த்து, "சம்பந்தி, அவரு என்ன வேலைன்னு சொன்னீங்க?" என்று கேட்டார். "வயரிங்" என்றேன். அவர் நம்பியதாகத் தெரியவில்லை. தட்டுகளோடு திரும்பிப் போனார்கள்.

மறுநாளே இவரை இழுத்துக்கொண்டு தெங்கேராவில் கடைவீட்டு மாடியில் இருந்த ஒரு வக்கீலிடம் போனேன். மகள் வயதுப் பெண். எல்லாம் கேட்டுவிட்டு, "ஆன்ட்டி, பேர மட்டும் வச்சுக்கிட்டு அங்கிள தொந்தரவு பண்ணக்கூடாதுன்னு கோர்ட்டுல ஆர்டர் கேட்டுடலாம்லா" என்றாள்.

"கேட்டா போலீஸ்காரங்களுக்குக் கோவம் வராதாம்மா?" என்றார் இவர்.

"இப்ப மட்டும் பாசமாவா இருக்காங்க?" என்றேன் நான்.

வழக்கு நாளன்று இவருக்குக் கழுத்துப்பட்டி கட்டி அழைத்துப் போனோம். மாப்பிள்ளையின் அம்மாவும் வந்திருந்தார். உண்மையைத் தன் காதால் கேட்க வேண்டுமாம். நாங்கள் பெண்கள் முதலில் உள்ளே போய் உட்கார்ந்தோம். இவர் வாசல் காவலில் ஐசி அடையாள அட்டையைக் காட்டிவிட்டு வருவதாகச் சொன்னார். வரவில்லை.

எங்கள் வழக்கைக் கூப்பிட்டார்கள். "மனுதாரர் எங்கே?" என்று நீதிபதி அம்மா கேட்டார். வெளியே ஓடிய வக்கீல் பெண், உதட்டைக் கடித்துக்கொண்டு திரும்பி வந்தாள்.

"வாசலில் போலீஸ் பிடித்து வைத்திருக்கிறார்கள், யாங் அரிஃப். லோரி திருட்டு விஷயமாம்" என்று நீதிபதியிடம் சொன்னாள்.

பின்வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மாப்பிள்ளையின் அம்மாதான். அரசாங்க வக்கீல் திரும்பிப் போலீஸ் அதிகாரியைப் பார்த்தார். அதிகாரி குனிந்து தன் கால் சப்பாத்தைப் பார்த்தார்.

வாசலில் இருந்தவர் ஓர் இளம் மலாய்க் கான்ஸ்டபிள். பெயரைப் பார்த்ததும் பெரிய திருடன் சிக்கிவிட்டான் என்று பூரித்துப் போயிருக்கிறார். "இங்கே எதற்கு வந்தீர்கள்?" என்று கேட்டாராம். "என்னைப் பிடிக்கக் கூடாதுன்னு கேக்க" என்றாராம் இவர். அதைக் கேட்டதும் கான்ஸ்டபிளுக்குச் சந்தேகம் இன்னும் கூடிவிட்டது.

இவர் உள்ளே வந்தபோது கழுத்துப்பட்டி முதுகுப் பக்கம் கிடந்தது. நீதிபதி அம்மா வாயைக் கையால் மறைத்துக்கொண்டு, "மேற்கொண்டு சாட்சி தேவையா?" என்று அரசாங்க வக்கீலிடம் கேட்டார். தேவையில்லை என்றார் அவர். ஐசி எண்ணைச் சரிபார்க்காமல் இவரை இனிமேல் தொடக்கூடாது என்று உத்தரவானது. இவர் கும்பிட்ட கும்பிடு, கோயிலில்கூட அப்படிக் கும்பிட்டதில்லை.

வெளியே அந்தக் கான்ஸ்டபிள் ஓடி வந்து, "மாஃப், பாக்சிக்" என்று மன்னிப்புக் கேட்டுக் கையைப் பிடித்துக்கொண்டார். "பரவாலப்பா, ஒன் வேலைய ஒழுங்காத்தான் பாக்குற" என்று இவர் அவருக்குத் தமிழிலேயே ஆறுதல் சொன்னார்.

மாப்பிள்ளையின் அம்மா என் தோளில் கை போட்டார். "பசிக்குது சம்பந்தி. செர்காமுக்குப் போய் மீன் சாப்பிட்டுக்கிட்டே கல்யாணத்தேதிய பேசலாம், வாங்க."