முந்தானை எந்தத் தோளில்

பழைய பிலிம் சுருள்களைக் கணினிக்கு மாற்றுவது என் வேலை. தீவு நகரமான ஜார்ஜ்டவுனில், கடைவீட்டு மாடியில், மூன்றே பேர் உள்ள தயாரிப்பு நிறுவனம். ஒவ்வொரு சுருளுக்கும் ஒரு பட்டியல் வைத்திருக்கிறேன்: சுருங்கியிருக்கிறதா, கீறல், பூஞ்சை, ஒட்டு, எழுத்துகள் நேராகத் தெரிகின்றனவா. கடைசிக் கேள்விக்குக் காரணம் உண்டு. இரண்டு ஓரங்களிலும் துளை உள்ள பிலிமைத் திருப்பி மாட்டினாலும் அது ஓடும். ஆனால் படம் கண்ணாடியில் பார்ப்பதுபோல் இடம் வலம் மாறிவிடும். ஒரு பெயர்ப்பலகை வந்தால் போதும், கண்டுபிடித்துவிடலாம்.

மூடிப்போன ஒரு ஸ்டூடியோவிலிருந்து வந்த கறுப்பு வெள்ளை தைப்பூசச் சுருளில் பெயர்ப்பலகையே இல்லை. தண்ணீர்மலைக் கோயில் படிகளில் பால்குடத்தோடு ஏறும் பெண்கள் மட்டும். அந்தக் கேள்விக்கு நேரே ஒரு கோடு போட்டுவிட்டு அடுத்த சுருளை எடுத்தேன்.

படத்தில் இருப்பவர்களைத் தெரியுமா என்று இணையத்தில் கேட்டிருந்தோம். கடலுக்கு அக்கரையில் உள்ள சிம்பாங் அம்பாட்டிலிருந்து ஓர் அக்கா வந்தார். தொழிற்சாலையில் சூப்பர்வைசர். தான் கைக்குழந்தையாக இருந்தபோதே இறந்துவிட்ட அம்மாவின் ஒரே புகைப்படத்தைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு எடுத்து வந்திருந்தார்.

"நான் பொறக்கறதுக்கு முந்தின வருசம் அம்மா பால்குடம் எடுத்தாங்களாம், மாமா சொல்வாரு. அவங்க நடந்து நான் பாத்ததே இல்ல தங்கச்சி."

ஓட்டினேன். மூன்றாவது வரிசையில் ஒரு பெண் கேமராவைத் திரும்பிப் பார்த்தார். அக்கா முன்னால் சாய்ந்தார், புகைப்படத்தைப் பார்த்தார், பின்னால் சாய்ந்துகொண்டார்.

"இவங்க இல்ல லா. அம்மாவுக்கு மச்சம் இடது கன்னத்துல. இவங்களுக்கு வலது."

"அவசரப்படாதீங்க அக்கா, கோப்பி வந்துகிட்டிருக்கு," என்றார் எங்கள் எடிட்டர் அண்ணன்.

"கோப்பி வேணாம் தம்பி. இந்த ஃபெர்ரிய விட்டா அடுத்ததுக்கு உட்காரணும்."

புகைப்படம் பைக்குள் போனது. திரையில் காட்சி அப்படியே நின்றிருந்தது. அணைக்கப் போன என் கையும் நின்றது. அந்தப் பெண்ணின் முந்தானை வலது தோளில் கிடந்தது. பக்கத்துப் பெண்ணுக்கும் வலது தோளில். எண்ணினேன். ஏழு பேர், ஏழு பேருக்கும் வலது தோள்.

"அக்கா, ஒரு நிமிசம். தப்பு என்னோடது. நான்தான் பிலிம திருப்பி மாட்டிட்டேன்."

ஒரே சொடுக்குதான். முந்தானைகள் எல்லாம் இடது தோளுக்கு வந்தன. மச்சமும் இடது கன்னத்துக்கு வந்தது.

ஓட்டினேன். அந்த அம்மா ஒரு கையால் குடத்தைப் பிடித்தபடி, மறு கையால் புடவையைச் சற்றே தூக்கி இரண்டு படி ஏறினார். நின்றார். யாரையோ பார்த்து மூக்கைச் சுருக்கிச் சிரித்தார். மறுபடி ஏறினார்.

வெள்ளித் துகள்களில் வெளிச்சம் எப்படிப் பதிகிறது என்று படித்துத் தேர்வு எழுதியவள் நான். என்றாலும் அன்று மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டேன். அந்தக் கன்னத்தில் பட்டுத் திரும்பிய காலை வெயில் இத்தனை வருடம் ஒரு தகர டப்பாவுக்குள் காத்திருந்து, இப்போது மகளின் முகத்தில் விழுந்துகொண்டிருந்தது.

"இன்னொரு தடவ போடு தங்கச்சி. அந்த ரெண்டு படி மட்டும்."

போட்டேன். எத்தனை தடவை என்று எண்ணவில்லை.

"அக்கா, ஃபெர்ரி?" என்றார் எடிட்டர் அண்ணன் மெதுவாக.

"போவட்டும் லா," என்றார் அக்கா, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.