அவையடக்கத்தை விட்ட நாள்

வன்னியில் ஒரு சின்னப் பள்ளிக்கூடத்தில் கணக்குப் படிப்பித்தவன் நான். அகதியாக டென்மார்க்கின் ஹொல்ஸ்டெப்ரோ நகரத்துக்கு வந்து இறைச்சித் தொழிற்சாலையில் கத்தி பிடித்தேன். மனைவியும் மகளும் ஊரில் ஷெல்லடிக்குள் இருந்தார்கள். அவர்களைக் கூப்பிட எனக்கு உரிமை உண்டென்று இந்த நாட்டின் சட்டமே சொன்னது. ஆனால் விண்ணப்பம் அசையவில்லை. கேட்கும்போதெல்லாம் பரிசீலனையில் இருக்கிறது என்றார்கள். ஒரு வகுப்பின் விடைத்தாள்களைத் திருத்த எனக்கு ஒரு மாலை போதும். இவர்களுக்கு வருடக்கணக்கில் என்ன பரிசீலனை? மேலிடத்தில் வேண்டுமென்றே அமுக்கி வைத்திருக்கிறார்கள் என்று பத்திரிகைகள் எழுதத் தொடங்கியபோது எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

குடியுரிமை இல்லாவிட்டாலும், சில வருடம் இங்கே வசித்தவர் மாகாண சபைக்குப் போட்டியிடலாம் என்று அறிந்தேன். ஒரு கட்சியில் சேர்ந்து, வேட்பாளர் தெரிவுக்குப் பெயர் கொடுத்தேன். என்னோடு அறையில் இருந்த மன்னார்த் தம்பி பதறிப்போனான்.

“மாஸ்டர், உங்களுக்கென்ன விசரே? வாயை மூடிக்கொண்டிருந்தாலாவது அக்காவையும் பிள்ளையையும் வர விடுவாங்கள்.”

“இவ்வளவு காலமும் மூடிக்கொண்டுதானே இருந்தனான். விட்டவங்களே?”

தெரிவுக் கூட்டம் நகரத்துக்கு வெளியே ஒரு பொது மண்டபத்தில் நடந்தது. எல்லோரும் கம்பளிச் சட்டையில் வந்திருந்தார்கள். நான் மட்டும் கோட்டும் டையும். கட்சிக் கிளையின் தலைவர், நல்ல மனிதர், என்னை ஓரமாக அழைத்துப் போனார். பள்ளிக்கூடம், வீதி பற்றிப் பேசுங்கள், உங்கள் குடும்ப விஷயம் இந்தச் சபைக்குரியதல்ல என்றார்.

ஊரில் எந்தக் கூட்டத்திலும் தொடங்குகிற மாதிரியே தொடங்கினேன். “இந்தச் சபையில் என்னைவிட அறிவிலும் அனுபவத்திலும் பெரியவர்கள் இருக்கிறார்கள். உங்கள் முன் பேச எனக்குத் தகுதியில்லை.”

சபை குழம்பிப்போனது. தலைவர் மிகுந்த அக்கறையோடு கேட்டார்: “அப்படியானால் விலகிக்கொள்கிறீர்களா? யாரைத் தெரிவு செய்யலாம் என்கிறீர்கள்?”

என் அரைகுறை டேனிஷில் அவையடக்கத்தை எப்படி விளக்குவது? விளக்க மனமும் வரவில்லை. மனைவிக்காக எழுதிய ஒவ்வொரு கடிதத்தையும் ‘தங்கள் பொன்னான நேரத்தை எடுப்பதற்கு மன்னிக்கவும்’ என்றுதான் தொடங்கியிருந்தேன். அதிகாரிகளும் மன்னித்துவிட்டுப் பேசாமல் இருந்துவிட்டார்கள்!

“விலகவில்லை,” என்றேன். “எனக்குத் தகுதி இருக்கிறது. பள்ளிக்கூடத்தைப் பற்றி இங்கே யாரும் எனக்குச் சொல்லித்தரத் தேவையில்லை. தலைவர் பேச வேண்டாம் என்றதையும் பேசுவேன். என் மனைவியையும் மகளையும் கூப்பிட உங்கள் சட்டம் தந்த உரிமையை உங்கள் அரசாங்கம் பிடித்து வைத்திருக்கிறது. மேலே இருப்பவரே சட்டத்தை மீறினால் வகுப்பில் பிள்ளைகளுக்கு என்னத்தைப் படிப்பிப்பது?”

ஒருவரும் கைதட்டவில்லை. நான் உட்காரவில்லை.

கோப்பி ஊற்றிக்கொண்டிருந்த ஒரு பெண்மணி பின்னாலிருந்து கேட்டார்: “உங்கள் மகளுக்கு இப்போது என்ன அளவுச் சப்பாத்து? வந்தால் பனிக்கு வேண்டுமே. என் பேத்தியுடையது வீட்டில் கிடக்கிறது.”

“தெரியாது,” என்றேன். “நான் வரும்போது அவள் தவழ்ந்துகொண்டிருந்தாள். இப்போது ஓடித் திரிகிறாளாம். என் பிள்ளையின் கால் அளவு எனக்கே தெரியாமல் செய்தவர்களைக் கேள்வி கேட்கத்தான் வந்திருக்கிறேன். நீங்கள் என்னைத் தெரிவு செய்யாவிட்டாலும் கேட்பேன்.”

வாக்கெடுப்பில் கைகள் உயர்ந்தன. தலைவருடைய கை கடைசியாகத்தான் உயர்ந்தது, ஆனாலும் உயர்ந்தது. அந்தத் தேர்தலில் நான் மாகாண சபைக்குப் போனேன். மனைவியும் மகளும் வர இன்னும் காலமெடுத்தது. அவர்கள் வந்து இறங்கும்வரை, அந்தச் சபையின் ஒரு கூட்டத்தையும் நான் நிம்மதியாக முடிய விடவில்லை.