நைனா கிடைத்துவிட்டார்

சென்ற வருடம் கடைக்குப் போன என் நைனா வீடு திரும்பவில்லை. ஞாபக மறதி. வாட்ஸ்அப்பில் அவர் படத்தைப் போட்டுத் தேடினோம். மறுநாள் திருப்புலிவனம் கோயிலில் கிடைத்துவிட்டார். படம் மட்டும் இன்னும் ஊர் சுற்றிக்கொண்டிருக்கிறது.

இன்று அவரோடு உத்திரமேரூர் பஸ்ஸில் போனேன். எதிர் சீட்டில் இருந்த அம்மா தன் போனையும் நைனாவையும் மாற்றி மாற்றிப் பார்த்தார்.

"பெரியவரே, உங்கள வூட்ல தேடிக்கினு கீறாங்க" என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, "நீ யாரும்மா? இவர எங்க இட்டுக்கினு போற?" என்றார்.

"நான் அவர் பொண்ணுங்க."

அவர் நம்பவில்லை. கண்டக்டரைக் கூப்பிட்டுப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டு நைனாவையே கேட்டார். "இது யாரு உங்களுக்கு?"

இப்போதெல்லாம் பாதி நாள் அவருக்கு என்னை அடையாளம் தெரிவதில்லை.

நைனா என்னை நிதானமாகப் பார்த்தார்.

"எம் பொண்ணுதான். தொலைஞ்சி பூட்டா. ஊரெல்லாம் தேடி நான்தான் கண்டுபுட்ச்சேன்."

பஸ்ஸே சிரித்தது. நான் ஜன்னல் பக்கம் திரும்பி முகத்தைத் துடைத்துக்கொண்டேன்.

நைனா படம் உங்களுக்கு வந்தால் தயவுசெய்து அழித்துவிடுங்கள். காணாமல் போனது நான்தானாம். வேண்டுமானால் என் படங்களை அனுப்புகிறேன், நல்லதாக ஒன்றைப் பார்த்துச் சொல்லுங்கள்.