குனிஹிரோவின் முதுகு

என் சின்னம்மா தொஷியேவுக்கு நான்கு பிள்ளைகள். மூன்று பேர் ஒசாகா பக்கம் போய்விட்டார்கள். கடைக்குட்டி குனிஹிரோ மட்டும் ஊரிலேயே தங்கி, சோயாப் பாலைக் கட்டியாக்கி டோஃபு விற்கும் மாமனாரின் கடையைப் பார்த்துக்கொண்டான். அந்த மாமனாரும் அந்நியர் இல்லை, என் அண்ணிக்குச் சித்தப்பா முறை.

குனிஹிரோ வாலிபனாக இருந்தபோது, பள்ளிப் பையன்கள் கோஷ்டி சேர்ந்து அடித்துக்கொள்ளும் படம் ஒன்றை எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் எடுத்தார்கள். அது ஓட்டமாய் ஓடி மூன்று பாகம் வந்தது. மூன்றிலும் இவன் ரவுடிக் கூட்டத்தில் ஒருவன். கணுக்கால் வரை கறுப்புக் கோட்டு, நெற்றிக்கு மேல் ரயில் என்ஜின் மாதிரி முடி. ஆனால் மூன்றிலும் முதுகுதான் தெரிந்தது. அடி வாங்கினாலும் குப்புறத்தான் விழுவான். சின்னம்மா ஒவ்வொரு தடவையும் உறவு மொத்தத்தையும் தியேட்டருக்குக் கூட்டிப்போய், அதோ என் பிள்ளை முதுகு என்று காட்டினாள். அதிலிருந்து ஊரில் அவனுக்குப் பெயரே முதுகு.

முப்பது வருஷம் கழித்து நாலாம் பாகம் எடுக்க வந்தார்கள். பழைய ரவுடிகள் கிழடு தட்டியபின் திரும்பி வந்து, புதுப் பயல்களிடமிருந்து பள்ளியை மீட்கிறார்களாம். மற்றவர்களுக்கு முழங்கால் வலி. டோஃபு வாளி தூக்கிப் பழகிய குனிஹிரோதான் வேகமாக ஓடினான். அதனால் அவனை முன்னால் விட்டார்கள். கேமராவைப் பார்த்து, "எவன்டா இங்க தலைவன், வெளிய வாடா" என்று ஒரு வசனமும் கொடுத்தார்கள். சின்னம்மா கண் மூடுவதற்குள் அவன் முகத்தைத் திரையில் பார்த்துவிடவேண்டும். அவனுக்கு அது ஒன்றே கவலை. கடையில் பயிற்சி எடுத்தான்.

"டோஃபு வேணுமான்னு கேக்கற மாதிரியே இருக்குங்க," என்றாள் அவன் மனைவி சுமியே.

படப்பிடிப்பு அன்று இருபது ரவுடிகள் இரும்புக் குழாயோடு பள்ளிக்குள் பாய்ந்தார்கள். வாசலில் குனிஹிரோ நின்றுவிட்டான். குழாயைக் குடை வைக்கும் இடத்தில் செருகினான். குனிந்து ஷூவைக் கழற்றி, அலமாரியில் வைத்து, உள்செருப்பு மாட்டினான். பின்னால் வந்த பத்தொன்பது பேரும் முட்டி மோதாமல் வரிசையில் நின்று அதையே செய்தார்கள். குனிந்த வேகத்தில், பழைய ரயில் என்ஜின் முடிக்காக வைத்துவிட்டிருந்த டோப்பா கழன்று ஷூவுக்குள் விழுந்தது. வழுக்கைத் தலையோடு நிமிர்ந்தவன், கேமராவைப் பார்த்து, "தொந்தரவுக்கு மன்னிக்கணும், உள்ள வரலாங்களா?" என்றான். உள்ளே கட்டையோடு காத்திருந்த புதுப் பயல்களும் பழக்க தோஷத்தில் குனிந்து வணங்கினார்கள்.

டைரக்டர் சின்ன வயசுக்காரர். கெஞ்சினார்.

"அண்ணே, நீங்க ரவுடிண்ணே."

"ரவுடிதான் தம்பி. அதுக்காக ஷூவோட உள்ள போவாங்களா?"

இந்தப் பள்ளியில் படிக்கிற காலத்தில் இவர்கள் எல்லோரும் தினமும் மண்டியிட்டு ஈரத்துணியால் துடைத்த தரை அது. மறுபடி ஓடவிட்டாலும் வாசலில் கால்கள் தாமாக நின்றன. கடைசியில் சண்டையை மைதானத்துக்கு மாற்றினார்கள். அங்கே மறுபடியும் முதுகு. வீட்டுக்கு வந்தவன் மறுநாள் கடைக்குச் சோயா ஊறப்போட்டான்.

படம் வந்ததும் சின்னம்மாவை நாங்கள்தான் தூக்காத குறையாக அழைத்துப்போனோம். டைரக்டர் அந்த வாசல் காட்சியை வெட்டவே இல்லை. சுவர் அகலத்துக்குக் குனிஹிரோவின் முகம். தியேட்டர் சிரித்து உருண்டது. பக்கத்தில் கைகளைப் பிசைந்தபடி உட்கார்ந்திருந்த மகனைச் சின்னம்மா ஒருமுறை பார்த்தாள், திரையை ஒருமுறை பார்த்தாள்.

"இதுக்கு முதுகே லட்சணமா இருந்துச்சுடா," என்றாள்.

மறுநாளே ஒசாகாவிலிருந்து மூன்று பிள்ளைகளையும் வரவழைத்து, மறுபடி போனாள்.